மிளகு காத்திருக்கும், மார்ஜின் காத்திருக்காது

(மட்டாஞ்சேரியில் தமிழ் பேசும் தொழிலாளர்களும் இளைஞர்களும் கூடிய படிப்பு வட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



இன்றைய தலைப்பைத் தேர்ந்தெடுத்தவர்கள் இளைஞர்கள். கைப்பேசியில் பங்கு வாங்கும் செயலியைத் திறந்தால் இரண்டு கட்டங்கள் தெரிகின்றன. ஒன்றில் 'டெலிவரி' என்று இருக்கிறது. மற்றொன்றில் 'எம்.டி.எஃப்.' என்று இருக்கிறது. பக்கத்திலேயே, கையில் உள்ள பணத்தைப்போல் நான்கு மடங்குக்கு வாங்கலாம் என்ற அழைப்பும் இருக்கிறது. பங்கு ஒன்றுதான், விலையும் ஒன்றுதான். அப்படியானால் இரண்டுக்கும் என்ன வேறுபாடு என்று அவர்கள் கேட்டார்கள்.

பங்குச் சந்தை என்றாலே சூதாட்டம் என்று ஒரே சொல்லில் முடித்துவிட்டு எழுந்து போவது நமக்கு எளிது. ஆனால் நாட்டில் டிமேட் கணக்குகளின் எண்ணிக்கை 2022 ஆகஸ்டில் 10 கோடியைக் கடந்தது. மூன்றே ஆண்டுகளில் அது 20 கோடியைத் தொட்டுவிட்டது. நிரந்தர வேலை அரிதாகிவிட்டது, ஓய்வூதியம் பறிபோய்விட்டது. இந்நிலையில் உழைப்பாளியின் சேமிப்பு சந்தைக்குள் தள்ளப்படுகிறது. தள்ளப்பட்டவரிடம் 'அங்கே போகாதே' என்று மட்டும் சொல்வது போதுமான அரசியல் ஆகாது. அங்கே என்ன நடக்கிறது என்பதைக் கணக்குப் போட்டுக் காட்ட வேண்டும்.

அதற்கு மும்பை தலால் தெருவுக்குப் போக வேண்டியதில்லை. இங்கிருந்து நடந்து போகும் தொலைவில், யூதத் தெருவில் பாடம் இருக்கிறது. 1957இல் தொடங்கப்பட்ட இந்திய மிளகு மற்றும் நறுமணப் பொருள் வணிகச் சங்கம் அங்கேதான் இயங்கியது. குஜராத்திகளும் கொங்கணிகளும் பிறரும் ஒரு கூடத்தில் நின்று, குரல் எழுப்பி, விரல் காட்டி மிளகை விலைபேசினார்கள். உலக மிளகு வணிகம் அந்தக் கூச்சலுக்குச் செவிகொடுத்தது. அங்கே கைமாறியதில் பெரும்பகுதி கண்ணெதிரே இருந்த மிளகு அன்று. சில மாதங்களுக்குப் பிறகு ஒப்படைக்கப்பட வேண்டிய மிளகு. இதை முன்பேர வணிகம் என்கிறோம். மலையாளத்தில் 'அவதி வியாபாரம்' என்பார்கள். மலையாளிக்கு அவதி என்றால் கெடு, தவணை. தமிழனுக்கு அவதி என்றால் துன்பம். இரண்டு மொழிகளும் சேர்ந்து இந்த வணிகத்திற்குப் பொருத்தமான பெயரையே சூட்டிவிட்டன.

மிளகு ஓர் அதிசயமான சரக்கு. நன்றாகக் காயவைத்து ஈரம் படாமல் மூட்டை கட்டினால் ஆண்டுக்கணக்கில் கெடாது. இடுக்கியிலோ வயநாட்டிலோ உள்ள சிறு விவசாயி, அறுவடைக் காலத்தில் விலை இல்லையென்றால் இரண்டு மூட்டையைப் பரணில் ஏற்றிவிட்டு, மகளின் திருமணத்தின்போது இறக்குவார். ஒரு வகையில் அதுதான் அவரது வங்கி. காத்திருக்கும் ஆற்றல் மிளகிலேயே இருக்கிறது.

இப்போது கணக்குக்கு வருவோம். மிளகு கிலோ 400 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். ஒரு டன் 4 லட்சம் ரூபாய். ஒருவர் 4 லட்சத்தையும் ரொக்கமாகக் கொடுத்து மிளகை வாங்கிக் கிடங்கில் வைக்கிறார். இன்னொருவரிடம் 40,000 ரூபாய்தான் இருக்கிறது. அவர் அதே ஒரு டன்னை முன்பேரச் சந்தையில் வாங்குகிறார். ஒப்பந்த மதிப்பில் பத்தில் ஒரு பங்கை மட்டும் ஈட்டுத்தொகையாகக் கட்டினால் போதும் என்கிறது சந்தை. இந்த ஈட்டுத்தொகைக்குப் பெயர்தான் மார்ஜின்.

விலை 400லிருந்து 380க்கு இறங்குகிறது. இருவருக்கும் 20,000 ரூபாய் இறக்கம். முதல்வருக்கு அது 5 சதவீதம். கிடங்குக் கதவைப் பூட்டிவிட்டு வீட்டுக்குப் போவார். இரண்டாமவருக்கு அது போட்ட பணத்தில் பாதி. அதுமட்டுமன்று, முன்பேரச் சந்தையில் இலாப நட்டம் அன்றன்றைக்கே தீர்க்கப்படும். மாலையில் அவரது கணக்கிலிருந்து 20,000 எடுக்கப்பட்டுவிடும். குறைந்த ஈட்டுத்தொகையை உடனே நிரப்பு என்று தரகரிடமிருந்து அழைப்பு வரும். நிரப்பவில்லை என்றால் தரகரே ஒப்பந்தத்தை முடித்துவிடுவார். விலை 360க்குப் போனால் அவரது 40,000மும் கரைந்துவிடும். அடுத்த மாதம் விலை 450க்கு ஏறுகிறது என்று வையுங்கள். முதல்வருக்கு 50,000 ரூபாய் இலாபம். இரண்டாமவர் அந்தச் சந்தையிலேயே இல்லை.

இருவரும் மிளகு விலை ஏறும் என்றுதான் கணித்தார்கள். இருவரின் கணிப்பும் சரிதான். ஒருவருக்கு இலாபம் வந்தது, மற்றவர் வெறுங்கையுடன் வெளியேறினார். ரொக்கமாக வாங்கியவருக்குச் சரக்கோடு சேர்த்துக் காலமும் சொந்தம். மார்ஜினில் வாங்கியவருக்குச் சரக்கின் ஏற்ற இறக்கம் மட்டும் சொந்தம். காலம் கடன் கொடுத்தவனுடையது. இன்று நான் சொல்ல வந்ததன் சாரம் இவ்வளவுதான். ஆயினும் இதன் விளைவுகள் நெடுந்தூரம் செல்கின்றன.

ஒரு தவறான எண்ணத்தை இங்கேயே தவிர்த்துவிட வேண்டும். ரொக்கம் என்றால் பாதுகாப்பு என்று நான் கூறவில்லை. யூதத் தெருக் கூடத்தின் கூச்சலைக் கணினித் திரை விழுங்கியது. மும்பையை மையமாகக் கொண்ட என்.சி.டி.இ.எக்ஸ். சந்தை 2004இல் மிளகு முன்பேரத்தைத் தொடங்க, வணிகம் அங்கே பாய்ந்தது. 2012 டிசம்பரில், அச்சந்தையின் அங்கீகாரம் பெற்ற கொச்சிக் கிடங்குகளில் இருந்த 6,000 டன்னுக்கும் மேற்பட்ட மிளகை உணவுப் பாதுகாப்பு அதிகாரிகள் முத்திரையிட்டு மூடினார்கள். மிளகில் மினரல் ஆயில் பூசப்பட்டிருந்தது என்பது குற்றச்சாட்டு. முழுப்பணம் கொடுத்து மிளகைப் பெற உரிமை கொண்டவர்களும் கிடங்கு வாசலில் நின்றார்கள். 2013இல் அச்சந்தையில் மிளகு முன்பேரம் நின்றுபோனது. ரொக்கம் கொடுத்தவருக்கும் இரண்டாவது கேள்வி ஒன்று உண்டு என்பதே இதிலிருந்து கிடைக்கும் படிப்பினை: என் பொருள் யார் கையில், யார் பூட்டின் கீழ் இருக்கிறது? இந்தக் கேள்வியைப் பங்குச் சந்தைக்கும் எடுத்துச் செல்வோம்.

பங்குச் சந்தையில் மார்ஜின் என்ற ஒரே சொல் மூன்று வேறு பொருள்களில் புழங்குகிறது. குழப்பத்தில் பாதி இதனால் வருவது. அந்தக் குழப்பம் யாருக்கும் நட்டம் இல்லாத குழப்பம் என்று நினைத்துவிடாதீர்கள்.

முதலாவது, நாம் மிளகில் பார்த்த ஈட்டுத்தொகை. முன்பேரம், விருப்ப ஒப்பந்தம் என்ற வகைகளில், அதாவது 'எஃப் அண்ட் ஓ' என்று இளைஞர்கள் சொல்வதில், இதைக் கட்டுகிறோம். காலையில் வாங்கி மாலைக்குள் விற்கும் வணிகத்திற்கும் இதுவே. முன்பெல்லாம் தரகர்கள் கையிலுள்ள பணத்தைப்போல் இருபது, முப்பது மடங்குகூடக் கொடுத்தார்கள். 2021 செப்டம்பரில் முழுமையாக நடைமுறைக்கு வந்த செபி விதிகளின் பின்னர், பங்குகளில் அது ஐந்து மடங்கு அளவுக்குச் சுருங்கியது.

இரண்டாவது, அந்த எம்.டி.எஃப். கட்டம். இது நேரடியான கடன். உங்களிடம் 1 லட்சம் இருக்கிறது. தரகு நிறுவனம் 3 லட்சம் கடன் தருகிறது. 4 லட்சத்திற்குப் பங்கு வாங்குகிறீர்கள். பங்கு உங்கள் பெயரில்தான் இருக்கும், ஈவுத்தொகையும் உங்களுக்கு வரும். ஆனால் அந்தப் பங்கு தரகரிடம் அடகில் இருக்கும். வட்டி நிறுவனத்திற்கு நிறுவனம் வேறுபடும். ஆண்டுக்கு ஏறக்குறைய 10 முதல் 18 சதவீதம் வரை இருக்கிறது. 15 சதவீதம் என்று வைத்துக்கொண்டால் 3 லட்சத்திற்கு ஆண்டுக்கு 45,000 ரூபாய். அதாவது 4 லட்சம் ரூபாய்ப் பங்கு ஆண்டில் பதினொன்றேகால் சதவீதம் ஏறினால்தான் வட்டி கட்டி முடியும். அதற்கு மேல் ஏறுவதில்தான் தரகும் வரியும் போக உங்கள் பங்கு. விலை அசையாமல் நின்றாலே உங்கள் 1 லட்சத்தில் கிட்டத்தட்டப் பாதி ஓராண்டில் வட்டியாகப் போய்விடும். இதைச் செயலியின் முகப்பில் எந்த எழுத்தில் போடுகிறார்கள் என்று பாருங்கள். 'நான்கு மடங்கு' என்பது எந்த எழுத்தில் இருக்கிறது என்றும் பாருங்கள். இவ்வகைக் கடனின் மொத்த நிலுவை 2025இல் நாடு முழுவதும் ஒரு லட்சம் கோடி ரூபாய் என்ற அளவை எட்டியிருக்கிறது.

விலை இறங்கினால் என்ன ஆகும்? 20 சதவீதம் இறங்கினால் பங்கின் மதிப்பு 3 லட்சத்து 20 ஆயிரம். கடன் அப்படியே 3 லட்சம். உங்களுடையது 20,000. அதற்கு வெகுமுன்பே அழைப்பு வந்துவிடும். நகைக்கடன் பற்றி நம் வீடுகளில் அனைவருக்கும் தெரியும். அடகு வைத்த நகையை ஏலம் விடுமுன் அறிவிப்பு அனுப்ப வேண்டும், நாளிதழில் விளம்பரம் தர வேண்டும், தேதி குறிக்க வேண்டும். அதற்குள் யாரையாவது பிடித்து வட்டியைக் கட்டி மறு அடகு வைக்கலாம். மார்ஜினில் அந்த அவகாசம் இல்லை. குறை நிரப்பப்படாவிட்டால் விற்றுக்கொள்ளலாம் என்று கணக்குத் தொடங்கும்போதே நீங்கள் ஒப்புதல் கொடுத்துவிட்டீர்கள். எந்தப் பங்கை, எந்த விலைக்கு, எந்த நிமிடத்தில் விற்பது என்பதைத் தரகரின் கணினி தீர்மானிக்கும்.

2024 ஜூன் மாதத்தின் முதல் வாரத்தை நினைவுபடுத்திக்கொள்ளுங்கள். தேர்தலுக்குப் பிந்தைய கருத்துக்கணிப்புகளை நம்பி ஜூன் 3 அன்று சென்செக்ஸ் 2,500 புள்ளிகளுக்கு மேல் ஏறி 76,469இல் முடிந்தது. மறுநாள் வாக்குகள் எண்ணப்பட்டன. கணிப்புகள் பொய்த்தன. ஒரே நாளில் 4,389 புள்ளிகள் சரிந்து 72,079இல் நின்றது. சில பொதுத்துறை நிறுவனங்களின் பங்குகள் அன்று 20 சதவீதத்திற்கு மேல் விழுந்தன. ஜூன் 7 அன்று சென்செக்ஸ் 76,693. வீழ்ச்சிக்கு முந்தைய நிலையையும் தாண்டிவிட்டது. சென்செக்ஸ் நிறுவனங்களின் பங்குகளை ரொக்கத்திற்கு வாங்கி வைத்திருந்த ஓர் ஓய்வுபெற்ற ஆசிரியர், அந்த நான்கு நாட்கள் செய்தி பார்க்காமல் ஊருக்குப் போயிருந்தால், ஒன்றும் நடக்காததுபோல் திரும்பி வந்திருப்பார். ஜூன் 3 அன்று உற்சாகத்தில் மார்ஜினில் வாங்கியவர், ஜூன் 4 பிற்பகலில் பணம் புரட்ட முடியாமல் போயிருந்தால், மிகத் தாழ்ந்த விலையில் வெளியேற்றப்பட்டிருப்பார். அவர் விற்ற விலைக்கு வாங்கியவர் ஒருவர் இருந்தார் அல்லவா? அவரிடம் ரொக்கம் இருந்தது. நெருக்கடி நாளில் சொத்து சிறியவரிடமிருந்து பெரியவருக்கு இடம்பெயர்வது இந்த வழியில்தான். சந்தை சில நாட்களில் 'மீண்டுவிட்டது' என்று தொலைக்காட்சியில் சொல்லும்போது, அது யாருக்கு மீண்டது என்பதை அவர்கள் சொல்வதில்லை.

இத்தகைய நேரங்களில் எல்லாச் சரக்கும் மதிப்பிழந்து பணம் ஒன்றே மதிப்புடையதாகிவிடுவதை மார்க்ஸ் மூலதனம் முதல் பாகத்திலேயே விளக்குகிறார். மூன்றாம் பாகத்தில் பங்குப் பத்திரங்களைக் கற்பனை மூலதனம் என்று ஆராய்கிறார். எதிர்கால வருமானத்தின் மீதான உரிமைச் சீட்டுக்கு இன்றைய சந்தையில் ஒரு விலை. அந்தச் சீட்டை ஈடு வைத்து இன்னொரு கடன். அந்தக் கடனால் இன்னொரு சீட்டு. அடுக்கு உயர உயர, கீழே உள்ள உண்மையான தொழிற்சாலையும் உண்மையான மிளகும் கண்ணுக்கு மறைந்துபோகின்றன.

இது இந்தத் தலைமுறை கண்டுபிடித்த வித்தையும் அன்று. 1935இல் இலண்டனில் கராபெட் பிஷிர்கியான் என்ற வணிகர் கடன் பணத்தைக் கொண்டு உலக வெள்ளை மிளகையெல்லாம் வாங்கிக் குவித்து விலையைத் தன் கைக்குள் கொண்டுவர முயன்றார். மிளகு வந்துகொண்டே இருந்தது, கடன் தீர்ந்துபோனது. இறுதியில் அவர் சிறைக்குப் போனார். அதற்கு ஆறாண்டுகள் முன்பு அமெரிக்காவில் பத்து டாலர் கட்டி நூறு டாலர் பங்கு வாங்கும் முறை பரவியிருந்தது; 1929 அக்டோபரில் தரகர்களுக்கு வழங்கப்பட்ட கடன் 850 கோடி டாலர் அளவில் இருந்தது. சரிவு தொடங்கியதும் அந்தக் கடன்கள் திரும்ப அழைக்கப்பட்டன. விற்பனை விற்பனையைப் பெற்றெடுத்தது. 1934இல் சட்டம் இயற்றி மார்ஜின் அளவைத் தீர்மானிக்கும் அதிகாரத்தை அந்நாட்டு மைய வங்கியிடம் கொடுத்தார்கள். 1974 முதல் அங்கே பங்கு வாங்கப் பாதிப் பணமாவது கையிலிருந்து போட வேண்டும். நம் நாட்டில் 'பத்லா' என்ற பெயரில் இதே கடன் வணிகம் நெடுங்காலம் நடந்தது. 2001ஆம் ஆண்டின் கேத்தன் பாரேக் ஊழலுக்குப் பிறகு, அவ்வாண்டு ஜூலையில் அது தடைசெய்யப்பட்டது. பின்னர் வேறு விதிகளோடு, வேறு பெயரோடு கடன் வாசல் மீண்டும் திறந்தது.

மூன்றாவது பொருளைச் சொல்லாமல் தாண்டக் கூடாது. இதில்தான் எச்சரிக்கையானவர்களும் சிக்குகிறார்கள். நீங்கள் முழு ரொக்கம் கொடுத்து வாங்கிய பங்கு உங்கள் டிமேட் கணக்கில் இருக்கிறது. 'சும்மா கிடக்கும் பங்கை அடகு வைத்து மார்ஜின் பெறுங்கள், அதைக் கொண்டு எஃப் அண்ட் ஓ செய்யுங்கள்' என்கிறது செயலி. பங்கின் மதிப்பில் ஒரு பகுதியைக் கழித்துக்கொண்டு மீதியை ஈடாக ஏற்பார்கள். நீங்கள் புதிதாக ஒரு ரூபாயும் போடவில்லை. ஆகவே ஒன்றும் மாறவில்லை என்று தோன்றும். ஆனால் அந்த நொடியில் உங்கள் ரொக்கச் சொத்து மார்ஜின் சொத்தாக மாறிவிட்டது. எஃப் அண்ட் ஓவில் நட்டம் வந்தால் விற்கப்படப் போவது அந்தப் பழைய பங்கு. பரணில் இருந்த மிளகு மூட்டையைச் சூதாட்ட மேசைக்கு இறக்கிவிட்டீர்கள்.

அடகு என்றதும் கார்வி நினைவுக்கு வர வேண்டும். ஹைதராபாத்தைத் தலைமையிடமாகக் கொண்ட அந்தத் தரகு நிறுவனத்தின் மீது 2019 நவம்பர் 22 அன்று செபி உத்தரவு பிறப்பித்தது. வாடிக்கையாளர்கள் கொடுத்திருந்த அதிகாரப் பத்திரத்தைப் பயன்படுத்தி அவர்களது பங்குகளைத் தன் கணக்கிற்கு மாற்றி, வங்கிகளிலும் நிதி நிறுவனங்களிலும் அடகு வைத்துத் தனக்குக் கடன் வாங்கியிருந்தது அந்நிறுவனம். 95,000 வாடிக்கையாளர்கள், 2,000 கோடி ரூபாய்க்கும் மேற்பட்ட பங்குகள். அவர்களில் பலர் முழுப்பணம் கட்டி வாங்கியவர்கள். தாங்கள் மார்ஜினில் இல்லை என்று நிம்மதியாக இருந்தவர்களின் பங்கு, அவர்கள் அறியாமலே இன்னொருவரின் மார்ஜினாக இருந்திருக்கிறது. 2019 டிசம்பர் தொடக்கத்தில் சுமார் 83,000 பேருக்குப் பங்குகள் திருப்பித் தரப்பட்டபோது, அடகு பிடித்த வங்கிகள் எங்கள் ஈடு என்ன ஆவது என்று தீர்ப்பாயத்திற்குப் போயின. மட்டாஞ்சேரிக் கிடங்கின் பூட்டு இதுதான், வேறு வடிவில்.

அதன்பின் சில நல்ல மாற்றங்கள் வந்தன. வந்ததை மறைக்க வேண்டியதில்லை. 2020 செப்டம்பர் முதல் அடகு வைத்த பங்கும் உங்கள் கணக்கிலேயே இருக்கும், அடகு என்ற குறிப்போடு. உங்கள் கைப்பேசிக்கு வரும் ஒருமுறைக் கடவுச்சொல்லை நீங்கள் கொடுத்தால்தான் அடகு செல்லும். எல்லாவற்றுக்கும் சேர்த்து எழுதி வாங்கும் அதிகாரப் பத்திரத்திற்குப் பதிலாக 2022இல் குறுகிய அனுமதிப் படிவம் வந்தது. ஆனால் கதவுக்குத் தாழ்ப்பாள் போட்ட அதே ஆட்சியாளர்கள் கதவை அகலத் திறந்தும் வைத்தார்கள் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

செபியே 2024 செப்டம்பரில் வெளியிட்ட ஆய்வைப் பாருங்கள். 2021-22 முதல் 2023-24 வரையிலான மூன்று நிதியாண்டுகளில் எஃப் அண்ட் ஓவில் ஈடுபட்ட ஒரு கோடிக்கும் மேற்பட்ட தனிநபர்களில் 93 சதவீதத்தினர் நட்டமடைந்தனர். மொத்த நட்டம் 1 லட்சத்து 80 ஆயிரம் கோடி ரூபாய். செலவுகள் போக 1 லட்சம் ரூபாய்க்கு மேல் இலாபம் பார்த்தவர்கள் 1 சதவீதம். நான்கில் மூன்று பேருக்கு மேல் ஆண்டு வருமானம் 5 லட்சத்திற்குக் கீழே என்று அறிவித்தவர்கள். 30 வயதுக்கு உட்பட்டவர்களின் பங்கு ஒரே ஆண்டில் 31 சதவீதத்திலிருந்து 43 சதவீதமாக உயர்ந்தது. அதே 2023-24இல் தரகு நிறுவனங்கள் சொந்தக் கணக்கில் செய்த வணிகத்தில் 33,000 கோடியும், வெளிநாட்டு நிறுவன முதலீட்டாளர்கள் 28,000 கோடியும் இலாபம் ஈட்டினர். அந்த இலாபத்தில் 95 சதவீதத்திற்கு மேல் கணினி நிரல்வழி வணிகத்தால் வந்தது. 2024-25இல் தனிநபர்களின் நட்டம் 1 லட்சத்து 5 ஆயிரம் கோடியாக உயர்ந்தது. 2025 ஜூலை 3 அன்று அமெரிக்காவின் ஜேன் ஸ்ட்ரீட் நிறுவனம் சந்தையைத் திரித்து ஈட்டியதாக 4,843 கோடி ரூபாயை முடக்கி செபி இடைக்கால உத்தரவிட்டது. நிறுவனம் அதை மறுத்து வழக்காடுகிறது. நமது இளைஞன் தன் பெருவிரலால் யாரோடு மோதிக்கொண்டிருக்கிறான் என்பதற்கு இதைவிட வேறு விளக்கம் தேவையில்லை.

இளைஞர்களின் பேராசைதான் காரணம் என்று சில பெரியவர்கள் சொல்கிறார்கள். நான் உடன்பட மாட்டேன். 15,000 ரூபாய்ச் சம்பளத்தில் மாதம் 2,000 மிச்சம் பிடிப்பவனிடம், நேர்வழியில் சேமித்தால் வீடு கட்ட எத்தனை ஆண்டுகள் ஆகும் என்று கணக்குப் போட்டுக் காட்டுங்கள். அவன் ஆயுள் போதாது. நான்கு மடங்கு என்ற சொல் அந்த இடத்தில்தான் நுழைகிறது. கூலி உயராத நாட்டில் மார்ஜின் என்பது கூலி உயர்வின் போலி.

இன்னொன்றையும் யோசியுங்கள். மிளகு காத்திருக்கும் என்றோம். உழைப்புச் சக்தி காத்திருக்காது. இன்று விற்காத உழைப்பு நாளைக்கு இல்லை. இந்த மண்ணுக்கு அது தெரிந்த அளவு வேறு எந்த மண்ணுக்கும் தெரியாது. கொச்சித் துறைமுகத்தில் 'சாப்பா' என்ற உலோக வில்லைகளைக் கூட்டத்துக்குள் வீசுவார்கள். பாய்ந்து பொறுக்கியவனுக்கு அன்று வேலை, மற்றவனுக்குப் பட்டினி. ஒரு நாள்கூடக் காத்திருக்க வழியற்றவர்கள் என்பதால்தான் அவர்களைப் புழுதியில் புரளவைக்க முடிந்தது. அதை எதிர்த்த போராட்டத்தில்தான் 1953 செப்டம்பர் 15 அன்று மட்டாஞ்சேரியில் துப்பாக்கிச் சூடு நடந்தது. சய்து, சய்தலவி, ஆன்டணி ஆகிய தோழர்கள் அந்தப் போராட்டத்தில் உயிர் கொடுத்தார்கள்.

உழைப்பாளியின் கையில் உள்ள சிறு சேமிப்பு அவனை இன்னொரு வார்த்தை பேசவைக்கும் பணம். வேலைநிறுத்தத்தில் ஒரு மாதம் தாக்குப்பிடிக்க, காய்ச்சலில் படுத்தால் வட்டிக்காரனிடம் போகாமல் இருக்க, கேவலமான கூலிக்கு 'முடியாது' என்று சொல்ல உதவும் பணம். அவனிடம் உள்ள காத்திருக்கும் ஆற்றல் முழுவதும் அதுதான். அதை எம்.டி.எஃப். கட்டத்தில் போடும்போது, அந்த ஆற்றலையே ஈடாக வைத்து, ஒருநாள்கூடக் காத்திருக்காத கடனை வாங்குகிறான்.

கடன் என்றாலே தீது என்றும் முடிவுகட்டிவிட வேண்டாம். 1999இல் கிலோ 200 ரூபாயைத் தாண்டியிருந்த மிளகு விலை, அடுத்த சில ஆண்டுகளில் பாதிக்கும் கீழே போனது. வயநாட்டில் விவசாயிகள் தற்கொலை செய்துகொண்டார்கள். அப்போது கையில் மிளகு இருந்தவர்களாலும் காத்திருக்க முடியவில்லை. பழைய கடன் கழுத்தை நெரித்தது. கூட்டுறவுக் கிடங்கில் மிளகை வைத்து, அதன் இரசீதின்மேல் குறைந்த வட்டிக்கு, நீண்ட தவணைக்குக் கடன் கொடுத்தால் அந்த விவசாயி விலை ஏறும்வரை மூட்டையைப் பாதுகாக்கலாம். அதுவும் சரக்கின்மேல் கொடுக்கும் கடன்தான். ஆனால் அது காலத்தைக் கொடுக்கும் கடன். மார்ஜின் காலத்தைப் பறிக்கும் கடன். எந்தக் கடனுக்கு அரசு வட்டி மானியம் தருகிறது, எந்தக் கடனைச் செயலியில் ஒரு விரல் அசைவில் கிடைக்கச் செய்கிறது என்று ஒப்பிட்டுப் பாருங்கள்.

செபியின் 2024 நவம்பர் விதிகள் ஒப்பந்த அளவைக் குறைந்தது 15 லட்சம் ரூபாய் என உயர்த்தின. வாரம் முடியும் ஒப்பந்தங்களையும் குறைத்தன. ஏழைகள் நுழைய முடியாதபடி மேசையின் உயரத்தைக் கூட்டியிருக்கிறார்கள். மேசை அப்படியே இருக்கிறது. நாம் கேட்க வேண்டியவை வேறு. கடன்பேரில் பங்கு வாங்கச் சொல்லும் விளம்பரத்தை முற்றாகத் தடுக்க வேண்டும். வட்டி விகிதமும், எந்த விலையில் பங்கு விற்கப்படும் என்பதும், வாங்கும் பொத்தானுக்கு மேலே, அதே அளவு எழுத்தில், வாடிக்கையாளரின் மொழியில் வர வேண்டும். நகைக்கடனுக்கு உள்ளதுபோல் விற்பனைக்கு முன் கட்டாய அவகாசம் சிறு முதலீட்டாளருக்கு வேண்டும். 'அவகாசம் கொடுத்தால் சந்தை முறை குலைந்துவிடும்' என்பார்கள். குலையும் என்றால், அவகாசம் தாங்காத கடனைச் சிறியவருக்குக் கொடுத்ததே தவறு என்று ஆகிறது.

ஏற்கெனவே கணக்கு வைத்திருக்கும் தோழர்கள் இன்றிரவே ஒன்று செய்யலாம். என்.எஸ்.டி.எல்., சி.டி.எஸ்.எல். என்ற இரண்டு வைப்பகங்களிலிருந்தும் உங்கள் மின்னஞ்சலுக்குக் கணக்கு அறிக்கை வருகிறது. தரகர் அனுப்பும் அறிக்கையை விட்டுவிட்டு இதைத் திறந்து பாருங்கள். ஒவ்வொரு பங்குக்கும் எதிரே தடையின்றி இருப்பது எத்தனை, அடகில் இருப்பது எத்தனை என்று தனித்தனியே இருக்கும். நீங்கள் வைக்காத அடகு அங்கே தெரிந்தால் தரகரிடம் எழுத்தில் கேளுங்கள். பதில் வராவிட்டால் செபியின் 'ஸ்கோர்ஸ்' இணையதளத்தில் புகார் பதியுங்கள். ஆங்கிலம் தடையாக இருந்தால் அறிக்கையை அச்செடுத்துக்கொண்டு அடுத்த ஞாயிறு இங்கே வாருங்கள். வரிவரியாக உட்கார்ந்து படிப்போம்.